சாட்சிக் கூண்டில் ஜெனபு சிரித்தாள்

ஜெனபு ஜாலோவின் வாய்க்குப் பயந்தே பாதிப் பேர் அவளிடம் பால் வாங்கினார்கள். கபாலாச் சந்தையில் அவளும் நானும் பக்கத்தில் பக்கத்தில் சுரைக்குடுக்கைகளை வைத்துக்கொண்டு புளித்த பால் விற்றவர்கள். விலை கேட்டுவிட்டு வாங்காமல் நகர்கிறவனை அவள் சும்மா விடமாட்டாள். அவன் சட்டை, அவன் நடை, அவன் பெண்டாட்டி சமையல் என்று ஒவ்வொன்றாக இழுப்பாள். ஆனால் எங்கள் பால்டே குலத்தார் யாராவது அந்தப் பக்கம் வந்தால்தான் அவளுடைய முழுத் திறமையும் வெளியே வரும்.

நான் பால்டே, அவள் ஜாலோ. எங்கள் ஃபுலா ஜனங்களில் இந்த இரண்டு குலத்துக்கும் கேலிமுறை. பால்டேயைக் கண்டால் ஜாலோ திட்ட வேண்டும், ஜாலோவைக் கண்டால் பால்டே திட்ட வேண்டும். கேட்கிறவர் கோபித்துக்கொள்ளக் கூடாது. பதிலுக்குத் திட்டிவிட்டுச் சிரிக்க வேண்டும். இன்னொன்றும் உண்டு. இந்தக் குலத்தான் அந்தக் குலத்தானின் ரத்தத்தைச் சிந்தக் கூடாது. சிந்தினால் அவன் வம்சம் விளங்காது என்று பால் குடிக்கும்போதே சொல்லி வளர்ப்பார்கள்.

"ஏய் அடிமை, எழுந்திரு, எசமானி வந்திருக்கேன்," என்று தினமும் காலையில் வந்து என் பாயைக் காலால் தள்ளுவாள்.

"போடி மாட்டுத் திருடி. உங்கப்பன் திருடின மாட்டுப் பாலைத்தானே விக்கிற? கொஞ்சம் தள்ளி உக்காரு, உன் பாலு நாறுது," என்பேன் நான்.

இப்படித்தான் எங்கள் நாள் விடியும். சுற்றி உட்கார்ந்திருக்கும் கிழங்குக்காரிகள் வேலையை விட்டுவிட்டு எங்களைக் கேட்டுக்கொண்டிருப்பார்கள்.

அவள் வாழ்க்கைப்பட்டது பெந்துகுராவில், கபாலாவிலிருந்து மலையேறிப் போனால் வரும் சின்ன ஊர். புருஷன் லான்சனா ஜாபி மண்டிங்கோ இனத்து ஆள். உப்பும் சீனியும் விற்றான். சாதுவான மனுஷன், அவள் பேசுவதற்கெல்லாம் தலையை மட்டும் ஆட்டுவான். ஒரே மகன் சேக்கு. எங்கள் பக்கத்தில் பெண் கல்யாணமானாலும் தன் அப்பன் குலப்பெயரோடுதான் இருப்பாள். பிள்ளைக்கு அவனுடைய அப்பன் பெயர். ஆகவே அம்மா ஜெனபு ஜாலோ, மகன் சேக்கு ஜாபி. இதை நன்றாக மனசில் வாங்கிக்கொள்ளுங்கள்.

நாட்டில் உள்நாட்டுச் சண்டை நடந்த வருஷம், நெல் அறுக்கிற நேரத்தில் யேரோ பால்டேயின் கலகப்படை பெந்துகுராவுக்குள் புகுந்தது. ஆமாம், பால்டேதான். எங்கள் குலத்தில் பிறந்த நாய். வடக்கே பாதி மாவட்டம் அவன் பிடியில் இருந்தது. அன்றைக்கு ஊரில் அகப்பட்டவர்களை நெல்கொட்டகைக்குள் அடைத்துக் கொளுத்தினார்கள். லான்சனாவும் சேக்குவும் அதில் போனார்கள். ஜெனபு ஒருத்தியாகக் கால்நடையாகக் கபாலா வந்து சேர்ந்தாள்.

எப்படித் தப்பித்தாய் என்று நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. "கொளுத்தச் சொன்னது அவன் வாய்தான், நான் என் காதால கேட்டேன்," என்று மட்டும் சொன்னாள்.

சில வாரம் கழித்து அவள் மறுபடி சந்தைக்கு வந்தாள். எனக்கு இருந்த சந்தோஷத்தில் பழைய மாதிரியே, "வாடி மாட்டுத் திருடி!" என்று கத்திவிட்டேன்.

அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். "பிந்தா, என்கிட்ட இனிமே அப்படிப் பேசாத," என்றாள்.

பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள்! அத்தனை வருஷத்தில் அவள் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை. கன்னத்தில் அறைந்தது போல இருந்தது. அதற்குப் பிறகு எந்த பால்டே வந்து என்ன கேலி செய்தாலும் அவள் வாயைத் திறக்கவில்லை. முறையை மீறுகிறாள், திமிர் பிடித்தவள் என்று எங்கள் குலத்தார் முணுமுணுத்தார்கள். நான் அவர்களோடு சண்டை போட்டேன். அவளுக்கு எங்கள் முகத்தையெல்லாம் பார்த்தால் அவன் முகம் ஞாபகம் வராதா? இதுகூடப் புரியாத ஜென்மங்கள்.

சண்டை ஓய்ந்த பிறகு தலைநகர் ஃப்ரீடவுனில் பன்னாட்டு நீதிமன்றம் வைத்தார்கள். யேரோ பால்டேயைப் பிடித்துக் கூண்டில் நிறுத்தினார்கள். அவன் என்ன சொன்னான் தெரியுமா? "கள்ளு குடிச்ச பசங்க பண்ணினது. எனக்குத் தெரியாது. என் பேச்சை யாரு கேட்டா?" என்றான். கைது செய்த நாள் முதல் இதே பாட்டுத்தான்.

அரசுத் தரப்பு ஆட்கள் ஜெனபுவைத் தேடி வந்தார்கள். வெள்ளைக்கார வக்கீலம்மா ஒருத்தி, கூட மொழிபெயர்க்க நம் ஊர்க்காரர் ஒருவர். என் வீட்டில்தான் உட்கார்ந்து பேசினார்கள். வக்கீலம்மா நிதானமாக விளக்கினாள். அவனே தீ வைத்தான் என்று நிரூபிக்கத் தேவையில்லையாம். அவன் சொன்னால் படை கேட்டது, அவனால் தடுக்க முடிந்தது, இருந்தும் தடுக்கவில்லை என்று நிரூபித்தால் போதுமாம். பெந்துகுராவில் அவன் பக்கத்தில் நின்று காதால் கேட்டவர்களில் உயிரோடு இருப்பது ஜெனபு மட்டுந்தான். அவள் சொல் நின்றால் பெந்துகுரா அவன் தலையில் விழும். நிற்காவிட்டால் அந்த ஊர் வழக்கிலிருந்தே உதிர்ந்துவிடும்.

"உங்களுக்கு என்னம்மா வேணும்?" என்று மொழிபெயர்ப்பவர் கேட்டார்.

"என் புள்ளையை அவன்தான் கொன்னான்னு அந்த நீதிபதிங்க வாயால சொல்லணும். எனக்கு வேற ஒண்ணும் வேண்டாம்."

அவளுக்குப் பெயருக்குப் பதில் ஒரு எண் கொடுத்தார்கள். சாட்சி யார் என்று வெளியே மூச்சு விடக்கூடாது என்று எங்கள் இருவரிடமும் சத்தியம் வாங்காத குறைதான். காரணம் இல்லாமல் இல்லை. யேரோவின் பழைய பையன்கள்தான் துப்பாக்கியைப் போட்டுவிட்டு இப்போது எங்கள் சந்தை வாசலில் வாடகை மோட்டார் சைக்கிள் ஓட்டுகிறார்கள். காலையில் நம்மிடம் பால் வாங்கிக் குடித்துவிட்டு "வரேன் அக்கா" என்று சொல்லிப் போகிறவன் அன்றைக்கு எங்கே நின்றான் என்று யாருக்குத் தெரியும்?

இதற்கிடையில் யேரோவின் சித்தப்பா மோதிபோ பால்டே மரியாதைக்கு மெல்லக் கொடுக்கும் கோலாக் கொட்டைகளை இலையில் பொதிந்துகொண்டு, பெந்துகுராவில் பிழைத்த பெண்கள் வீடு வீடாக ஏறி இறங்கினார். கேலிமுறைக்காரர் கோலா கொடுத்துக் கேட்டால் மறுக்கக் கூடாது, அது எங்கள் வழக்கம். ஜெனபு வீட்டுக்கும் வந்தார்.

"ஏம்மா மாட்டுத் திருடி, உன் அடிமைக்கிழவன் வந்திருக்கேன். யாரோ கோர்ட்டுக்குப் போறாங்கன்னு பேச்சு அடிபடுது. நீயா இருந்தா, முறைக்காக விட்டுடு தாயி."

அவள் சிரிக்கவில்லை. கோலாவை வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள். "நான் எந்தக் கோர்ட்டைக் கண்டேன் பெரியவரே? ஆனா கோலா குடுத்துட்டீங்க. அதனால ஒண்ணு செய்றேன். யாராவது உங்க அண்ணன் மகனைப் பத்தி என்கிட்ட கேட்டா, ஒரு பொய்கூடச் சொல்ல மாட்டேன்."

கிழவர் முகம் தொங்கிப்போய்விட்டது. சந்தையில் இருந்த ஜெனபு கொஞ்சம் திரும்பி வந்தாளே என்று எனக்கு உள்ளுக்குள் குளிர்ந்தது.

கண் வைத்தியத்துக்குப் போகிறோம் என்று ஊரில் சொல்லிவிட்டு ஃப்ரீடவுன் போனோம். துணைக்கு ஒருவர் வரலாம் என்பதால் நான் போனேன். நீதிமன்றத்தில் பார்வையாளர் பக்கத்தையும் உள்ளேயும் கண்ணாடி பிரித்தது. சாட்சி உட்காரும் இடத்துக்குத் திரை போட்டிருந்தார்கள். எங்களுக்கு அவள் தெரியமாட்டாள், ஆனால் நீதிபதிகளுக்கும் வக்கீல்களுக்கும் யேரோவுக்கும் தெரிவாள். அவள் குரலை மிஷினில் மாற்றி வெளியே விட்டார்கள், தொண்டை கட்டின ஆம்பளை பேசுவது போல. முதலில் கேட்டபோது அவள்தானா என்றே எனக்குத் தெரியவில்லை.

முதல் நாள் நன்றாகவே போயிற்று. படை வந்தது, ஊர் ஜனங்களை முற்றத்தில் வரிசையாக நிறுத்தியது, "உள்ள தள்ளிக் கொளுத்துங்க" என்று யேரோ சொன்னது, எல்லாவற்றையும் சொன்னாள். குரல் தடுமாறவில்லை.

மறுநாள் அவனுடைய வக்கீல் எழுந்தான். மெல்லிசாகப் பேசுகிற ஆள், அந்த மாதிரி ஆட்களை எனக்குப் பிடிக்காது. எல்லாரும் செத்தார்கள், நீங்கள் மட்டும் எப்படித் தப்பித்தீர்கள் என்று கேட்டான். "விட்டுட்டாங்க," என்றாள். யார் விட்டது, ஏன் விட்டது என்று துருவினான். அவள் பதில் சொல்லவில்லை. சாட்சி அங்கே இருந்ததே சந்தேகம் என்று சொல்லிவிட்டு, காகிதத்தைப் புரட்டுகிற சாக்கில் வேண்டுமென்றே நேரத்தை ஓட்டினான்.

அந்த நேரத்தில் யேரோ இருந்த இடத்திலிருந்தே உரக்கக் கூப்பிட்டான், எங்கள் ஃபுலா மொழியில்: "என்னடி மாட்டுத் திருடி! இவ்வளவு தூரம் வந்தும் எசமானுக்குப் பால் கொண்டுவரலையா?"

நீதிபதி அவனை அதட்ட வாய் திறப்பதற்குள் திரைக்குப் பின்னாலிருந்து பதில் வந்துவிட்டது.

"வாயை மூடுடா அடிமை! உனக்கு நாற்காலி போட்டது யாரு?"

சொல்லிவிட்டுச் சிரித்தாள். ஐயோ, அந்தச் சிரிப்பு! மிஷின் வழியாக அது எங்கள் காதில் விழுந்தபோது நான் பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். அவளாகச் சிரிக்கவில்லை. பிறந்ததிலிருந்து பழகின வாய், மனசைக் கேட்காமல் திறந்துகொண்டது. எங்களில் யாராக இருந்தாலும் அப்படித்தான் வந்திருக்கும். ஆனால் கறுப்பு அங்கி போட்டு உட்கார்ந்திருந்தவர்களுக்கு அது எப்படித் தெரியும்?

மொழிபெயர்ப்பு அவர்கள் காதுக்குப் போய்ச் சேர்ந்தது. வக்கீல் அவசரப்படவில்லை.

"அம்மா, உங்கள் மகனைக் கொன்றதாக நீங்கள் சொல்லும் மனிதரோடு இப்போது கேலி பேசிச் சிரித்தீர்கள். சரிதானே?"

வக்கீல் அடுத்ததற்குத் தாவினான்.

"நீங்கள் இருவரும் சிநேகிதர்கள். சரிதானே?"

யேரோ நாற்காலியில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்துகொண்டான். எனக்குக் கண்ணாடியை உடைத்துக்கொண்டு உள்ளே போய் அவன் கழுத்தைப் பிடிக்க வேண்டும் போல இருந்தது. முடிந்தது, பெந்துகுரா கைவிட்டுப் போயிற்று என்றே நினைத்தேன்.

நடுவில் இருந்த பெண் நீதிபதி முன்னால் குனிந்தார். "அம்மா, நேரம் எடுத்துக்கொள்ளுங்கள். எதற்காகச் சிரித்தீர்கள் என்று எங்களுக்குச் சொல்ல முடியுமா?"

திரைக்குப் பின்னாலிருந்து அந்த மிஷின் குரல் வந்தது.

"அது எங்க முறை அம்மா. அவன் பால்டே, நான் ஜாலோ. அவன் திட்டினா நான் சிரிக்கணும். அன்னிக்கும் சிரிச்சேன்."

"என்றைக்கு?"

"கொளுத்தின அன்னிக்கு."

பிறகு நிறுத்தாமல் சொன்னாள். இத்தனை வருஷம் என்னிடம்கூடச் சொல்லாததை அந்த ஆம்பளைக் குரலில் சொன்னாள்.

"வரிசையில நிக்க வச்சு ஒவ்வொருத்தரா பேரும் குலமும் கேட்டுட்டே வந்தான். பசங்க அவனை பால்டேன்னு கூப்பிட்டதைக் கேட்டேன். என் கையைக் கட்டி வச்சிருந்தானுங்க. என்கிட்ட வந்தான். பயத்துல, 'ஏன்டா அடிமை, எசமானிகிட்டயே பேரு கேக்குறியா?'ன்னேன். அவன் விழுந்து விழுந்து சிரிச்சான். நானும் சிரிச்சேன். 'இவ என் திருடிடா, இவ ரத்தம் நமக்கு ஆகாது, அவுத்து விடுங்க'ன்னான்."

"பையன்கள் என்ன செய்தார்கள்?"

"அவுத்துட்டாங்க."

"யாராவது மறுத்தார்களா?"

"அவன் சொல்லி யாரும்மா மறுப்பா? 'இவளையும் தள்ளலாம் தல'ன்னு ஒருத்தன் சொன்னான். யேரோ திரும்பி ஒரு பார்வை பார்த்தான். அந்தப் பையன் கையைக் கட்டிட்டு நின்னுட்டான்."

யேரோ சாய்ந்திருந்தவன் நிமிர்ந்தான். வக்கீல் ஏதோ சொல்ல எழுந்தான், நீதிபதி கையைக் காட்டி உட்காரச் சொன்னார். அப்போதுதான் எனக்கு விஷயம் உறைத்தது. என் பேச்சை யார் கேட்டது என்று சொல்லிக்கொண்டிருந்தானே பாவி, அவன் ஒரு வார்த்தை சொன்னதும் மொத்தப் படையும் கேட்டிருக்கிறது! அவள் வாயை அடைக்கத்தான் கேலி பேசினான். அவனுடைய பொய்யே அதில் கிழிந்துவிட்டது.

"இதை ஏன் முன்பே சொல்லவில்லை?" என்று நீதிபதி கேட்டார்.

"வெக்கம்மா. என் புள்ளை சாகப்போற நேரத்துல நான் சிரிச்சிட்டு இருந்தேன். இதை எந்த வாயால சொல்லுவேன்?"

யாரும் எதுவும் கேட்காமலே மேலே சொன்னாள்.

"எனக்கு அடுத்து சேக்கு நின்னான். யேரோ அவன்கிட்டயும் பேரு கேட்டான். நான் புள்ளை கையை அழுத்தினேன். ஜாலோன்னு சொல்லுடா, ஜாலோன்னு சொல்லுடான்னு மனசுக்குள்ள கத்தினேன். வாயைத் திறந்து சொல்ல வரலை. புள்ளை நேரா நின்னு, 'சேக்கு ஜாபி, லான்சனா ஜாபி மகன்'னு சத்தமா சொன்னான். பெரியவங்க கேட்டா அப்பா பேரையும் சேர்த்துத் தெளிவா சொல்லணும்னு நான்தான் பழக்கி வச்சிருந்தேன். 'ஜாபி எனக்கு முறை இல்லை'ன்னு யேரோ சொல்லி, கொட்டகைப் பக்கம் கையைக் காட்டினான். அவுத்து விடுங்கங்கிற வார்த்தை அவன்கிட்ட இருந்துச்சு அம்மா. எனக்குக் குடுத்தான். என் புள்ளைக்குக் குடுக்கலை."

கொஞ்ச நேரம் விசாரணையை நிறுத்தினார்கள்.

வெளியே வந்ததும் ஜெனபு தன் வாயிலேயே இரண்டு கையாலும் அறைந்துகொண்டாள். "இந்த வாயி! இந்தப் பாழாப்போன வாயி!"

நான் அவள் கைகளைப் பிடித்துக்கொண்டேன். "பைத்தியமாடி நீ? அந்த வாய்தான்டி அவனைக் கவுத்துச்சு!" என்று கத்தினேன். அவள் கேட்கிற நிலையில் இல்லை. ஊர் திரும்புகிற வழியெல்லாம் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தாள்.

தீர்ப்பு வர அடுத்த மழைக்காலம் ஆயிற்று. முதலில் ரேடியோவில்தான் கேட்டோம். பெந்துகுரா உட்பட எல்லாக் குற்றங்களும் நிரூபணமாயின என்றும், இனி அவன் சாகும்வரை சிறைதான் என்றும் சொன்னார்கள். கிழங்குக்காரிகள் குலவையிட்டார்கள். ஜெனபு பால் ஊற்றிக்கொண்டிருந்தவள் கையை நிறுத்தி, "சேக்கு பேரைச் சொன்னாங்களா?" என்று என்னிடம் மெதுவாகக் கேட்டாள். ரேடியோவில் எல்லாம் சொல்ல மாட்டார்கள், தீர்ப்பில் இருக்கும் என்றேன்.

சில நாள் கழித்து நீதிமன்றத்திலிருந்து ஒருவர் தீர்ப்பின் சுருக்கத்தை ஊருக்கு வாசிக்க வந்தார். நல்ல மனிதர், படித்த பையன். சந்தைக்கு எதிரே இருக்கும் பஞ்சாயத்துக் கூடத்தில் கூட்டம் நெருக்கியடித்தது. மோட்டார் சைக்கிள் பையன்கள் வண்டியிலிருந்து இறங்காமலே சுவர் ஓரமாக நின்று கேட்டார்கள். மோதிபோ கிழவரும் வந்து பின்னால் உட்கார்ந்திருந்தார்.

பெந்துகுரா பகுதி வந்தது. ஜெனபு முந்தானையைக் கையில் சுருட்டிக்கொண்டு காதைக் கொடுத்தாள்.

"குற்றம் சாட்டப்பட்டவரின் உத்தரவின்பேரில் கொட்டகைக்குள் அடைத்துக் கொல்லப்பட்டவர்களில் சாட்சியின் கணவரும், சிறுவனான சாட்சியின் மகனும் அடங்குவர் என்று நீதிமன்றம் காண்கிறது," என்று வாசித்துவிட்டு அவர் அடுத்த ஊரைப் பற்றிய பகுதிக்குப் போனார்.

ஜெனபு எழுந்தாள். "தம்பி, கொஞ்சம் நில்லு. அந்தப் பையனுக்குப் பேரு இல்லையா?"

நான் அவள் துணியைப் பிடித்து இழுத்தேன். சுவர் ஓரத்தில் இருந்த தலைகள் எல்லாம் திரும்பின.

"இருக்கும்மா. ஆனா பேரு போட்டா சாட்சி யாருன்னு தெரிஞ்சிடும். அவங்க பாதுகாப்புக்காக எடுத்துட்டாங்க," என்றார் அவர்.

"எங்கேயுமே இல்லையா? அந்தப் பெரிய தீர்ப்புலகூட?"

"இல்லம்மா. அதுலயும் இல்லை."

"பேரைச் சொன்னதுக்காகச் செத்தவன் தம்பி அவன்," என்றாள். "அவனைப் போயி பேரில்லாதவனாக்கிட்டீங்களே."

"உக்காருடி, உன் கால்ல விழுறேன்," என்று அவள் காதில் சொன்னேன். அவள் என் கையை எடுத்துவிட்டாள்.

"நான்தான் அந்தச் சாட்சி," என்றாள், கூடம் முழுக்கக் கேட்கும்படி. "ஜெனபு ஜாலோ. கொட்டகையில செத்தது என் புள்ளை."

சுவர் ஓரத்தில் ஒருவன் வண்டியைக் கிளப்பிக்கொண்டு போனான். மற்றவர்கள் அசையவில்லை. எனக்குப் பயம்தான். இருந்தாலும் எழுந்து அவளை ஒட்டி நின்றேன். நானும் பால்டேதான், அவளைத் தொட வருகிறவன் முதலில் என்னைத் தொடட்டும் என்று இருந்தது எனக்கு.

வாசித்தவர் தடுமாறிப்போய்ப் பேனாவை எடுத்தார். தீர்ப்பில் இனிமேல் ஓர் எழுத்தைக்கூடச் சேர்க்க முடியாது என்பது அவருக்குத் தெரியாதா என்ன? ஆனாலும் கையில் இருந்த தாளைத் திருப்பி முழங்காலில் வைத்துக்கொண்டு, "பேரு சொல்லுங்கம்மா," என்றார்.

"சேக்கு ஜாபி," என்றாள். "லான்சனா ஜாபி மகன்."

அவர் எழுதி முடிக்கிறவரை காத்திருந்து, எழுதினதை வாசித்துக் காட்டச் சொன்னாள்.